சிறு படங்களுக்கு இசை

மாதுங்காவில் மூன்று மணி நேரக் கச்சேரி கேட்டுப் பழகியவர்களுக்கு, ஓர் இசைஞர் முப்பது விநாடிக்குள் தாம் கருதியதைச் சொல்லி முடித்தாக வேண்டும் என்றால் வியப்பாகவே இருக்கும். ஆயினும் அன்றைய பம்பாயில், பெரிய பட முதலாளிகளின் துணையின்றி எடுக்கப்பட்ட படங்களின் இசைக்கு அந்த முப்பது விநாடியே பயிற்சிக்களமாய் அமைந்தது.

களம் என்று நான் குறிப்பது விளம்பரப் படத்தை. பிலிம் விநாடிக்கு 24 சட்டம் ஓடும்; 35 மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 சட்டம். ஆகவே முப்பது விநாடி என்பது 45 அடி. அதற்குள் மெட்டு பிறந்து, வளர்ந்து, பொருளின் பெயர் உச்சரிக்கப்படும் கணத்தில் ஒதுங்கியும் நிற்க வேண்டும். மொழிபெயர்ப்பாளனாகிய எனக்கு இவ்வல்லல் புதிதன்று. படிவத்தில் விட்ட இடத்துக்குள் தமிழ் வாசகம் அடங்காவிடில், பழி தமிழ்மேல் விழும், பிழை என்னுடையது.

1927இல் பம்பாயில் பிறந்த வன்ராஜ் பாட்டியா, லண்டனிலும் பாரிஸிலும் மேனாட்டு இசை பயின்றவர். தாயகம் திரும்பி ஆயிரக்கணக்கான விளம்பரங்களுக்கு இசையமைத்தார். விளம்பரத் துறையிலிருந்தே வந்த ஷியாம் பெனகல் 1974இல் 'அங்குர்' எடுத்தபோது இசைப் பொறுப்பு இவரிடம் வந்தது. 1976இல் வந்த 'மந்தன்' படத்துக்கோ குஜராத்தின் பால் உற்பத்தியாளர் ஐந்து லட்சம் பேர் தலைக்கு இரண்டு ரூபாய் ஈந்தனர். மொத்தம் பத்து லட்சம். படம் முழுமைக்கும் அதுவே முதல். அதில் ஐம்பது வயலின்களுக்கு இடமேது? அப்படத்தின் பாடலைப் பின்னாளில் ஒரு பால் விளம்பரமே எடுத்துக்கொண்டது வேடிக்கைதான்.

சிக்கனத்தால் கலை குன்றுமோ என்று ஐயுறுவோர் வங்காளத்தின் 'பதேர் பாஞ்சாலி'யை நினைக்கலாம். 1955இல் வெளிவந்த அப்படத்துக்கு ரவிசங்கர் ஒரே இரவில் இசைப்பதிவு செய்தார். மகளை இழந்த தாய் கதறுகிறாள். வாய் திறக்கிறது, குரல் கேட்கவில்லை. அவ்விடத்தில் தார் ஷெனாய் என்னும் வில் வாத்தியம் ஒன்றே உச்சத்தில் ஒலிக்கிறது. நூறு வாத்தியங்கள் சேர்ந்திருந்தால் அந்த ஓலத்தை நாம் கேட்டிருக்க மாட்டோம்.

இன்று செம்பூரில் ஓர் அறையில் கணினியோடு அமர்ந்தே ஒரு படத்துக்கு இசை முடிக்கலாம். வயிற்றுப்பாடு அவ்வளவு எளிதாகிவிடவில்லை. 1988இல் 'தமஸ்' படத்துக்காகத் தேசிய விருதும், 2012இல் பத்மஸ்ரீயும் பெற்ற பாட்டியா, வங்கியில் பணமின்றி வீட்டுப் பாண்டங்களை விற்கிறார் என 2019இல் செய்தி வந்தது. 2021 மே 7ஆம் நாள் மும்பையில் காலமானார்.

அவருக்குப் பத்மஸ்ரீ கிடைத்த அதே 2012இல் பதிப்புரிமைச் சட்டமும் திருத்தப்பட்டது. திரையரங்கில் படத்தோடு ஒலிப்பது நீங்கலாக, மற்ற வழிகளில் இசை பயன்படும்போது இசையமைப்பாளருக்குச் சமபங்கு உரிமைத்தொகை உண்டு; அதை எழுதிக் கொடுத்துவிடவும் இயலாது. சிறு படங்கள் திரையரங்கில் நெடுநாள் ஓடுவது அரிதாகையால், அந்த 'மற்ற வழிகள்'தாம் அவருக்கு வருவாய்.