திண்ணனார் அம்பெய்யாத பன்றி

 பழவேற்காடு ஏரிக்கு வடமேற்கே, பெரியபுராணம் பொன்முகலி என்று குறிக்கும் சுவர்ணமுகி ஆற்றங்கரையில் உள்ள திருக்காளத்தி, தமிழ் இலக்கியத்தின் புகழ்பெற்ற பன்றி வேட்டையோடு பிணைந்த தலமாகும்.

பொத்தப்பி நாட்டு உடுப்பூர் வேடர்தலைவன் நாகனின் மகனும் பிற்காலத்தில் கண்ணப்பர் எனப்பட்டவருமான திண்ணனார் தம் கன்னி வேட்டைக்கு, அதாவது முதல் வேட்டைக்குச் சென்றபோது, வலையறுத்து ஓடிய பன்றி ஒன்றை நாணன், காடன் என்னும் இருவர் பின்தொடர நெடுந்தூரம் துரத்தினார் என்றும், அது களைத்து மரநிழலில் நின்றபோது அம்பால் கொல்லக் கருதாமல் நெருங்கிச் சென்று, சுரிகை என்னும் உடைவாளை உருவி இரு துண்டாக்கினார் என்றும் பெரியபுராணத்தை இயற்றிய 12ஆம் நூற்றாண்டுச் சேக்கிழார் பாடுகிறார். அவர் பின்னர்த் தம் கண்ணைப் பெயர்த்துச் சிவலிங்கத்தில் அப்பிய காட்சியே மனத்தில் நிற்பதால், வில்லாளி வில்லைப் பயன்படுத்தாத இந்த நுட்பத்தைப் பலர் கவனிப்பதில்லை.

வீரத்தைக் காட்டவே புலவர் அவ்வாறு பாடினார் எனினும், வேட்டையின் நடைமுறையும் அதற்கு இசைவானதே. அம்பு பெரும்பாலும் குருதியை வடியச் செய்தே கொல்வதால், அடிபட்ட விலங்கு உடனே சாய்வதில்லை. வளர்ந்த ஆண் பன்றிக்கோ தோள்புறத்தில் கேடயம் போல் தடித்த தோல் இருப்பதோடு, இதயமும் மார்பின் அடிப்பகுதியில், முன்னங்கால்களை ஒட்டி அமைந்திருப்பதால், சற்று மேலே தைத்த அம்பு பயனற்றுப் போகக்கூடும். காயமுற்ற பன்றி புதருக்குள் மறையும், அல்லது கோரைப்பற்களால் கிழிக்கத் திரும்பிப் பாயும். அதன் பார்வை மந்தமெனினும் மோப்பம் கூர்மையானதாதலால், காற்றுக்கு எதிர்முகமாகவே அதை அணுக இயலும். வேடர் வில்லோடு வலையையும் நாயையும் கொண்டுசென்றதன் காரணம் இதுவே.

இந்த அருமை தெரிந்தால்தான் கொல்லிமலைத் தலைவன் வல்வில் ஓரியைப் பற்றி வன்பரணர் பாடிய புறநானூற்று 152ஆம் பாட்டின் மிகைநவிற்சி விளங்கும். யானை, புலி, மான், பன்றி, உடும்பு ஆகிய ஐந்தையும் ஒரே அம்பு துளைத்ததாக அது கூறுகிறது. அவ்வோரிக்குக் கொல்லிமலையில் ஆண்டுதோறும் ஆடி மாதத்தில் அரசு விழா நடைபெறுகிறது.

இன்று வில்லாலோ வேறு எதனாலோ காட்டுப்பன்றியை அனுமதியின்றி வேட்டையாடுவது 1972ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றமாகும். பயிர்ச்சேதம் குறித்த உழவர்களின் முறையீட்டையடுத்து, காப்புக்காட்டு எல்லையிலிருந்து 3 கிலோமீட்டருக்கு அப்பால் வரும் பன்றிகளைச் சுடலாம் என 2025 ஜனவரியில் தமிழக அரசு அறிவித்தபோதும், அவ்வுரிமை வனத்துறையினருக்கே அளிக்கப்பட்டது.