காவல் நாயின் கண்ணும் மூக்கும்

வாசுதேவநல்லூர் வட்டாரத்தில் மலையடிவார நிலங்களுக்குக் காட்டுப்பன்றிகளால் நேரும் சேதம் குடியானவர்கள் யாவரும் அறிந்ததே. இரவுக் காவலுக்கு நாய் வளர்ப்போர் அநேகர். ஆனால் அப்பிராணி உலகத்தை எவ்விதம் அறிகிறது என்பதை உணர்ந்து அதனிடம் வேலை வாங்குவோர் சிலரே.

வர்ணங்களைப் பிரித்தறியும் அணுக்கள் மனிதர் கண்ணில் மூவகை. நாயின் கண்ணில் இருவகையே. 1989ஆம் ஆண்டில் அமெரிக்காவில் நைட்ஸ் முதலிய விஞ்ஞானிகள் நாய்களைப் பழக்கிப் பரீட்சித்து இதனை விளக்கினர். நீலமும் மஞ்சளும் அதற்குத் தெளிவாகத் தோன்றும். சிவப்பையும் பச்சையையும் நிறத்தால் வேறுபடுத்துதல் அரிது. ஆகவே பசும்பயிரின் நடுவே சிவப்புத் துணியை அடையாளமாக நட்டு நாயைப் பழக்குதல் வீண், நீலத்துணியே தக்கது. தூரத்துப் பொருளை நம்மைப்போல் நுட்பமாய்க் காணாது. எனினும் அசைவை விரைவில் கவனிக்கும். எட்ட நின்று அழைப்போர் கையை நன்றாக வீசிக் காட்ட வேண்டும். விழியின் பின்புறத்தில் ஒளியைத் திருப்பியனுப்பும் படலம் ஒன்று உண்டு. இரவில் அதன் கண் பிரகாசிப்பதும், மங்கிய வெளிச்சத்தில் நம்மினும் நன்றாகக் காண்பதும் இதனாலேயே.

எனினும் நாய்க்குப் பிரதானமான இந்திரியம் மூக்கே. வாசனையறியும் அணுக்கள் மனிதருக்குச் சுமார் 50 லட்சம். சில ஜாதி நாய்களுக்கு 20 கோடிக்கும் மேல். ஆகையால் நாயைக் கட்டுமிடம் காற்றைப் பொறுத்தது. ஆனி, ஆடி மாதங்களில் மலையிலிருந்து மேல்காற்று வீசுங்கால் பன்றியின் மோப்பம் தானே நாயை வந்தடையும். ஐப்பசி, கார்த்திகையில் கீழ்க்காற்று வீசும்போது நாயை மேல்வரப்பின் அருகே கட்டுதல் நலம். மலைப்பக்கத்துச் சப்தம் முன்னதாகவே அதன் செவிக்கு எட்டும். தப்பி வயலுக்குள் புகுந்த பன்றியின் மோப்பத்தையும் காற்று அதனிடம் கொண்டுவரும்.

வடக்கேயுள்ள ராஜபாளையத்தின் பெயர் பூண்ட வெள்ளை நாய், 2005ஆம் ஆண்டில் இந்தியத் தபால்தலையில் இடம்பெற்ற சிறப்புடையது. எனினும் நிறமிக் குறைவு உட்செவியையும் பாதிக்கக்கூடுமாதலால், இவ்வினக் குட்டிகளிற் சில செவிடாய்ப் பிறப்பதுண்டு. வாங்குமுன் குட்டியைத் தனியே விட்டு, அது காணாதவாறு பின்னே நின்று கைதட்டிப் பார்க்க வேண்டும். தரையை உதைத்தல் ஆகாது. செவிட்டுக் குட்டியும் அதிர்ச்சியை உணர்ந்து திரும்பிவிடும்.

நாய் குரைத்து எச்சரிப்பதற்கே உரியது. அதனை ஏவிப் பன்றியை வேட்டையாடுதல் 1972ஆம் ஆண்டின் வனவிலங்குச் சட்டப்படி குற்றம். இதனையும், வெறிநோய்த் தடுப்பூசியை ஆண்டுதோறும் தவறாது போடுவிக்க வேண்டிய அவசியத்தையும் கிராம அதிகாரிகள் குடிகளுக்கு எடுத்துரைப்பார்களாக.