காரடை

காரடை என்பது வறுத்த பச்சரிசி மாவுடன் வேகவைத்த காராமணியைச் சேர்த்துக் கிளறி, வட்டமாகத் தட்டி, ஆவியில் வேகவைக்கும் பலகாரம் ஆகும். மாசி முடிந்து பங்குனி பிறக்கும் வேளையில் பெண்கள் கடைப்பிடிக்கும் காரடையான் நோன்பின் படையல் இது. திருவரங்கம், திருவானைக்காவல், திருச்சிராப்பள்ளி நகரம் ஆகிய இடங்களில் நோன்புப் பழக்கம் உள்ள வீடுகளில் வெல்ல அடை, உப்பு அடை இரண்டையும் செய்து, உருக்காத வெண்ணெயுடன் வாழையிலையில் வைத்துப் படைப்பார்கள்.

ஆண்டுக்கு ஒருமுறை மட்டுமே செய்வதால், இட்லி, தோசையைப் போல இதில் கைப்பழக்கம் ஏறுவதில்லை. சென்ற ஆண்டு எவ்வளவு தண்ணீர் வைத்தோம் என்பது அடுத்த மாசிக்குள் மறந்துபோகும். அடை கல்லாகிவிட்டாலோ கூழாகிவிட்டாலோ, நோன்பு வேளைக்குள் மறுபடியும் மாவு வறுத்துச் செய்வதற்கு நேரம் இருக்காது. கண்ணளவை நம்பாமல் அளவுகளை எழுதி வைத்துக்கொள்ள வேண்டிய பலகாரம் இது.

பெயர்

காராமணி சேர்ந்த அடை என்பதால் காரடை என்று ஒரு விளக்கம் உண்டு. கார் பருவத்தில் விளைந்த நெல்லின் அரிசியால் செய்த அடை என்பது மற்றொன்று. காரம் என்ற சொல்லோடு இதற்குத் தொடர்பில்லை. முதன்மையான அடை இனிப்பானது.

நோன்பின் கதை மகாபாரதத்தில் வரும் சாவித்திரி, சத்தியவான் கதை. கணவனின் உயிரை எமனிடமிருந்து மீட்ட சாவித்திரி, காட்டில் கிடைத்த தானியத்தையும் பயற்றையும் கொண்டு அடை செய்து படைத்தாள் என்று வீடுகளில் சொல்லப்படுகிறது.

காராமணியும் அதன் பயணமும்

காராமணிக்குத் தட்டைப்பயறு என்றும் பெயர் உண்டு. இலங்கைத் தமிழர் கௌப்பி என்பார்கள். இதன் தாயகம் ஆப்பிரிக்கா. அங்கிருந்து 3,000 ஆண்டுகளுக்கும் முன்பே இந்தியாவுக்கு வந்துவிட்டது. இதே பயறு பிற்காலத்தில் அடிமைகளாகக் கொண்டுசெல்லப்பட்ட மேற்கு ஆப்பிரிக்க மக்களோடு அமெரிக்காவுக்கும் போனது. அந்நாட்டின் தென்கரோலினா பகுதியில் அரிசியோடு காராமணி சேர்த்துச் சமைக்கும் 'ஹாப்பின் ஜான்' என்ற உணவை ஆங்கிலப் புத்தாண்டு அன்று நல்வாய்ப்பு வேண்டி உண்கிறார்கள். லூசியானா மாநிலத்துக் கிரியோல் மக்களின் புகழ்பெற்ற உணவு சிவப்பு ராஜ்மாவும் சோறும். திங்கட்கிழமை துணி துவைக்கும் நாள் என்பதால், அடுப்பில் வைத்துவிட்டு மற்ற வேலையைப் பார்க்க வசதியாக அன்று இதைச் சமைப்பது நியூ ஓர்லியன்ஸ் நகர வழக்கம்.

அரிசியும் பயறும் இப்படிப் பல நாடுகளில் சேர்வதற்கு ஒரு காரணம் சத்து. அரிசிப் புரதத்தில் லைசின் என்னும் அமினோ அமிலம் குறைவு. காராமணியில் அது நிறைய உண்டு. காராமணியில் குறைவாக உள்ள மெத்தியோனின் அரிசியிலிருந்து கிடைக்கிறது. நாள் முழுதும் விரதம் இருந்தவர் முதலில் உண்ணும் உணவு இது என்பதை நினைத்தால், முன்னோர் தேர்வு பொருத்தமாகவே படுகிறது.

நோன்பு வேளை

மாசிக்கயிறு பாசி படியும் என்பது பழமொழி. மாசி இருக்கும்போதே மஞ்சள் சரடு கட்டிக்கொள்ள வேண்டும் என்பதால் பங்குனி பிறப்பதற்குள் படைத்து முடிக்கிறார்கள். பங்குனி பிறப்பு என்பது சூரியன் மீன ராசிக்குள் நுழையும் கணம். பெரும்பாலும் மார்ச் 14 அல்லது 15 அன்று வரும். சூரியன் மறுபடி அதே இடத்துக்கு வர 365 நாளும் ஏறத்தாழ 6 மணி நேரமும் ஆவதால், இந்த வேளை ஆண்டுதோறும் சுமார் 6 மணி நேரம் தள்ளிப்போகிறது. ஓராண்டு விடியற்காலையில் வந்தால் மறு ஆண்டு நண்பகலிலும், அதற்கடுத்த ஆண்டு மாலையிலும், பின்னர் நள்ளிரவிலும் வரும். வாக்கியப் பஞ்சாங்கத்துக்கும் திருக்கணிதத்துக்கும் நேரம் வேறுபடும் என்பதால், வீட்டு வழக்கம் எது என்று முன்கூட்டியே பார்த்துக்கொள்ள வேண்டும்.

சமையலையும் இதற்கேற்பத் திட்டமிட வேண்டும். மாவு முந்தைய நாளே தயாராக இருக்கட்டும். கிளறுவதும் ஆவியில் வைப்பதும் கடைசி ஒரு மணி நேர வேலை. இன்சுலினோ நீரிழிவு மாத்திரையோ எடுத்துக்கொள்பவர்கள், வேளை மாலையிலோ இரவிலோ வரும் ஆண்டில் வெறும் வயிற்றுடன் காத்திருக்கக் கூடாது, சர்க்கரை தாழ்ந்துவிடும். மருத்துவரைக் கேட்டு, பாலோ பழமோ எடுத்துக்கொள்வதே முறை. தனியாக வசிக்கும் முதியவர்கள் இதில் பிடிவாதம் காட்டுவது ஆபத்து.

செய்முறை

பச்சரிசியைக் களைந்து ஒரு மணி நேரம் ஊறவைத்து, வடித்து, துணியில் நிழலில் உலர்த்த வேண்டும். கையில் ஈரம் ஒட்டாமல், ஆனால் அரிசி முழுதும் காயாமல் இருக்கும்போதே அரைத்துச் சலிக்கவும். பிறகு வாணலியில் சிறு தீயில் வறுக்கவும். மாவை விரலிடுக்கில் எடுத்துக் கோலம் இழுத்தால் இழை அறுபடாமல் விழ வேண்டும், அதுதான் பதம். வறுத்த மாவு நீரைச் சீராக இழுக்கும், வறுக்காத மாவு கொழகொழத்துப் போகும். கடையில் விற்கும் வறுத்த இடியாப்ப மாவிலும் செய்யலாம். அது இழுக்கும் நீரின் அளவு வேறாக இருக்கும் என்பதால் முதலில் கால் கப் மாவில் செய்து பார்ப்பது நல்லது.

ஒரு கப் மாவுக்குக் கால் கப் காராமணி போதும். அதை வெறும் வாணலியில் வாசனை வரும்வரை வறுத்து, சில மணி நேரம் ஊறவைத்து வேகவிட வேண்டும். விரலால் அழுத்தினால் நசுங்க வேண்டும். ஆனால் தோல் பிரிந்து குழைந்துவிடக் கூடாது. குக்கரில் வைத்தால் பெரும்பாலும் குழைந்துபோகும். திறந்த பாத்திரமே இதற்கு ஏற்றது. அடை கெடுவதற்கு முக்கியக் காரணம், அரைவேக்காட்டுக் காராமணியை வெல்ல நீரில் போட்டு, அங்கே வெந்துவிடும் என்று விட்டுவிடுவது. வெல்லத்திலுள்ள சர்க்கரையும் சுண்ணாம்புச் சத்தும் பயற்றை மேலும் இளகவிடாமல் இறுக்கிப் பிடிக்கும். அதன்பின் எவ்வளவு நேரம் கொதித்தாலும் பல்லில் கடிபடும்.

வெல்ல அடைக்கு ஒரு கப் மாவு, ஒரு கப் பொடித்த வெல்லம், இரண்டு கப் தண்ணீர். வெல்லத்தைத் தண்ணீரில் கரைத்து மண் போக வடிகட்டி மறுபடி கொதிக்கவிடவும். பாகு வைக்கக் கூடாது. பாகு ஏறினால் அடை இறுகிவிடும். வெந்த காராமணி, பல்லுப் பல்லாகக் கீறிய தேங்காய், ஏலப்பொடி, ஒரு கரண்டி நெய் சேர்த்து, தீயைத் தணித்து, மாவைத் தூவியபடியே கட்டி தட்டாமல் கிளறவும். மாவு உருண்டு பாத்திரத்தில் ஒட்டாமல் வந்ததும் இறக்கி, ஐந்து நிமிடம் மூடி வைக்கவும்.

உப்பு அடைக்கும் மாவும் தண்ணீரும் அதே அளவுதான். கடுகு, உளுத்தம்பருப்பு, பச்சைமிளகாய், கறிவேப்பிலை, பெருங்காயம் தாளித்து, தண்ணீர் ஊற்றி, உப்பும் காராமணியும் தேங்காயும் போட்டுக் கொதித்ததும் மாவைக் கிளற வேண்டும்.

சூடு பொறுக்கும் அளவுக்கு ஆறியதும், நெய் தடவிய வாழையிலைத் துண்டில் எலுமிச்சை அளவைவிடச் சற்றுப் பெரிய உருண்டையை வைத்து வட்டமாகத் தட்டி, நடுவில் விரலால் ஒரு துளை இடவும். நடுப்பகுதியும் ஓரமும் ஒருசேர வேகத்தான் இந்தத் துளை. இட்லிப் பாத்திரத்தில் பத்து முதல் பதினைந்து நிமிடம் வைத்தால், மேற்புறம் பளபளப்பாகி, ஈர விரலில் ஒட்டாமல் வரும். ஒரு கப் மாவுக்கு எட்டு முதல் பத்து அடை கிடைக்கும். காவிரிக்கரையில் வாழையிலைக்குப் பஞ்சமில்லை. வெளிநாட்டில் வசிப்பவர்கள் எண்ணெய் தடவிய இட்லித் தட்டிலேயே தட்டி வைக்கலாம். இலை வாசம் மட்டும் இருக்காது.

ஓரிரு அடைகளை மறுநாள் பசுவுக்குக் கொடுப்பதற்கென்று எடுத்துவைப்பது வழக்கம். மீந்த அடை ஆறினால் இறுகும். மீண்டும் ஐந்து நிமிடம் ஆவியில் வைத்தால் இளகிவிடும். தேங்காய் சேர்ந்திருப்பதால் வெயில் ஏறத் தொடங்கும் அந்தப் பருவத்தில் வெளியே வைத்தால் ஒரு நாளுக்கு மேல் தாங்காது.