டம்ளருக்குள் ஜிம் ரீவ்ஸ்

மார்கழியில் ஸ்ரீபெரும்புதூருக்குத் திருப்பாவையோடுதான் பொழுது விடியும். ராமானுஜர் பிறந்த ஊர், வேறெப்படி விடியும்? தொழிற்சாலைகளில் ராத்திரி சி ஷிப்ட் முடித்தவர்களைக் கம்பெனி பஸ்கள் ரோட்டோரம் இறக்கிவிட்டுப் போவதும் ஏறக்குறைய அந்த நேரத்தில்தான். வாடகை ரூம்களுக்கு அவர்கள் தூக்கக் கலக்கத்தோடு நடக்கிறார்கள். டிசம்பர் பாதி தாண்டிவிட்டால் அந்த ரூம்களில் சிலவற்றின் வாசலில் காகித ஸ்டார் தொங்கும். உள்ளே இருப்பவர்கள் நாகர்கோவில், மார்த்தாண்டம், நாசரேத் பக்கத்துப் பையன்கள். செல்போனை எவர்சில்வர் டம்ளருக்குள் நிறுத்திவைத்தால் ஸ்பீக்கருக்குக் காசு செலவழிக்க வேண்டாம், அந்தச் சத்தமே ரூமுக்குப் போதும். அப்படி டம்ளருக்குள்ளிருந்து பாடுகிறவர் 1964-லேயே செத்துப்போன டெக்சாஸ்காரர் ஜிம் ரீவ்ஸ். பாட்டு ‘ப்ளூ கிறிஸ்துமஸ்’.

கிறிஸ்துமஸ் பாட்டு என்று பேர்தானே தவிர அதில் பாலனும் இல்லை, மேய்ப்பரும் இல்லை. பண்டிகைக்கு எல்லாம் தயார், கூட இருக்க வேண்டிய ஆள்தான் இல்லை. மொத்த விஷயமும் அவ்வளவுதான். பில்லி ஹேஸ், ஜே ஜான்சன் என்ற இருவர் எழுதியது. 1948-ல் டோய் ஓடெல் முதலில் ரெக்கார்டு செய்தார், பெரிதாக எடுபடவில்லை. அடுத்த வருடம் எர்னஸ்ட் டப் பாடினார். காசு போட்டால் பாடும் ஜூக்பாக்ஸ்களில் ஓடி, 1950 ஜனவரியில் அமெரிக்க நாட்டுப்புறப் பாட்டு வரிசையில் முதலிடத்துக்கு வந்தது. அதே சீசனில் ஹ்யூகோ விண்டர்ஹால்டர், ரஸ் மார்கன் இசைக்குழுக்களின் ரெக்கார்டுகளும் கடைக்கு வந்துவிட்டன. ஒரு பாட்டு ஒருமுறை வெளியாகிவிட்டால், சட்டம் சொல்லும் கட்டணத்தைக் கட்டி யார் வேண்டுமானாலும் அதைப் பாடி விற்கலாம் என்று அமெரிக்காவில் 1909-லேயே வழி செய்திருந்தார்கள். நம் சட்டம் கொஞ்சம் கறார். 2012 திருத்தத்துக்குப் பிறகு, முதல் பதிவு வந்த வருடம் முடிந்து ஐந்து வருடம் காத்திருக்க வேண்டும். வருடத்துக்குக் குறைந்தது 50,000 பிரதிகளுக்கு ராயல்டியும் கட்ட வேண்டும்.

உலகத்துக்கு இந்தப் பாட்டு என்றால் எல்விஸ் பிரெஸ்லிதான். 1957 செப்டம்பரில் பதிவானது. அவருக்கு இதைப் பாடவே இஷ்டமில்லையாம். பின்பாட்டுக்காரர்களிடம் கிறுக்குத்தனமாக எதையாவது செய்யுங்கள் என்றாராம். மில்லி கிர்காம் பாட்டு நெடுக ‘ஊ ஊ’ என்று இழுத்துவைத்தார். கெடுப்பதற்காகச் செய்தது, கடைசியில் அதுவே பாட்டின் அடையாளமாகிப்போனது.

நம் பக்கத்தில் மட்டும் எல்விஸை ரீவ்ஸ் ஓரங்கட்டிவிட்டார். இதற்கு என்னிடம் ஒரு காரணம் இருக்கிறது. ரீவ்ஸ் பேஸ்பால் ஆடிக்கொண்டிருந்தவர். காலில் அடிபட்டு ஆட்டம் போனபின் ரேடியோ அறிவிப்பாளர் ஆனார். பாடவந்த புதிதில் தொண்டை கிழியப் பாடியவர்தான். 1957-ல் ‘ஃபோர் வால்ஸ்’ பாட்டுக்கு மைக்கில் உதடு படுகிற அளவுக்கு நெருங்கி, தணிந்த குரலில் பாடிப் பார்த்தார், அதையே பிடித்துக்கொண்டார். அறிவிப்பாளர் நாக்கும் அந்தத் தணிந்த குரலும் சேர்ந்ததில் ஒவ்வொரு சொல்லும் கடைசி எழுத்துவரை காதில் விழும். 1963-ல் வந்த அவருடைய ‘ட்வெல்வ் சாங்ஸ் ஆஃப் கிறிஸ்துமஸ்’ ஆல்பத்தில் இந்தப் பாட்டு இருக்கிறது. மறு வருடம் ஜூலை 31-ல், அவரே ஓட்டிய சிறு விமானம் புயல் மழையில் சிக்கி நாஷ்வில் அருகே விழுந்தது. வயது 40. அதற்குப் பிறகும் அவர் ரெக்கார்டுகள் வந்துகொண்டே இருந்தன.

இலங்கையிலும் பெரம்பூர் ஆங்கிலோ இந்தியர் வீடுகளிலும் தென்மாவட்டச் சர்ச் வளாகங்களிலும் அவர் பாடாத டிசம்பர் கிடையாது. கேட்டுக் கேட்டே வார்த்தை மனப்பாடமாகிவிடும். பெரிய ஏற்ற இறக்கம் இல்லை, அவசரமும் இல்லை. கொயரில் கடைசி வரிசையில் நிற்கிறவனும் கூடச் சேர்ந்துகொள்ளலாம். எல்விஸைப் பாடப்போனால் மிமிக்ரி ஆகிவிடும். ஒரு பாட்டைப் பத்துப் பேர் பாடியிருந்தால், கேட்கிறவன் வாயில் எது உட்கார்கிறதோ அதுதான் ஊரில் தங்கும் என்பது என் கட்சி.

இனி, அந்த ரூம் பையன்கள் கிறிஸ்துமஸுக்கு ஊர்ப்பக்கம் போக முடியாத லீவு கதை. 1958-ஆம் வருடத் தமிழ்நாட்டுச் சட்டப்படி தொழிற்சாலைகளுக்கு ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 நான்கும் கட்டாய விடுமுறை. பண்டிகைகளுக்கு மேற்கொண்டு ஐந்து நாள். பொங்கல், தமிழ்ப் புத்தாண்டு, ஆயுத பூஜை, தீபாவளி எல்லாம் அந்த ஐந்துக்குள்தான் முண்டியடிக்க வேண்டும். கிறிஸ்துமஸுக்கு இடம் கிடைத்த கம்பெனியிலும் அது ஒரே ஒரு நாள். ஸ்ரீபெரும்புதூரை அடுத்த ஒரகடத்திலிருந்து வண்டலூர் ரோட்டைப் பிடித்தால் கிளாம்பாக்கம் பஸ் ஸ்டாண்ட் பக்கம்தான். அங்கிருந்து நாகர்கோவில் ஏறத்தாழ 700 கிலோமீட்டர். போக ஒரு ராத்திரி, திரும்ப ஒரு ராத்திரி. சூப்பர்வைசரிடம் கூடுதலாக லீவு கேட்கலாம்தான். மூன்று வாரத்தில் பொங்கல் வருகிறது, லைனில் பாதிப்பேர் அதற்கும் கேட்பார்கள். “ரெண்டுல ஒண்ணு சொல்லுப்பா” என்பார் அவர். கான்ட்ராக்ட் ஆள் என்றால் அந்தக் கேள்வியும் வராது, வராத நாளுக்குச் சம்பளம் பிடித்தம், அவ்வளவுதான். அதனால் பலருக்கு வீட்டு கிறிஸ்துமஸ் வீடியோ காலில்தான். கேரல் ரவுண்ட்ஸ் வாசலுக்கு வந்திருக்கிறது என்று அம்மா போனைத் திருப்பிக் காட்டுவார். தாத்தா வேஷம் போட்டவன் யாரென்று இங்கிருந்தே கண்டுபிடித்துவிடுவார்கள்.

பாட்டில் வரவேண்டிய ஆள் வரவில்லை. இங்கே பாடுகிறவனே அந்த வராத ஆள். ரீவ்ஸ் இந்தக் கோணத்தை யோசித்திருக்க நியாயமில்லை.

இதே கம்பெனிகளில் ஜார்க்கண்டிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்த கிறிஸ்தவர்களும் வேலை செய்கிறார்கள். அவர்களுக்கு ரீவ்ஸும் வேண்டாம், எல்விஸும் வேண்டாம். மாந்தர் என்ற மேளம் ஒன்று கிடைத்தால் ராத்திரி முழுக்க ஆட்டம்தான்.