தெலேசியோவின் நிறச்சொல் நூலும் மொழிபெயர்ப்புச் சிக்கலும்

மறுமலர்ச்சிக் கால இத்தாலியில் நிறம் பற்றி எழுதியோர் ஒரே நோக்கினர் அல்லர். அல்பெர்ட்டி 1435-இல் ஓவியம் பற்றிய தம் நூலில் செந்நிறம், நீலம், பச்சை, சாம்பல் நிறம் ஆகிய நான்கையும் முறையே தீ, காற்று, நீர், மண் என்னும் பூதங்களோடு பொருத்தினார். கொசென்சாவைச் சேர்ந்த அந்தோனியோ தெலேசியோவோ பொருள்களை விடுத்துச் சொற்களை ஆராய்ந்தார். 'நிறங்களைப் பற்றி' என்னும் அவரது இலத்தீன் சிறுநூல் 1528-இல் வெனிசில் வெளிவந்தது. ஓவியர்க்கும் மெய்யியலார்க்கும் அன்றி, மொழிநயம் நாடுவோர்க்கே எழுதுவதாக அவர் தெளிவுறுத்துகிறார். இந்நூலைப் பின்னர் கதே, 1810-இல் வெளியிட்ட தம் நிறக்கொள்கை நூலின் வரலாற்றுப் பகுதியில் சேர்த்துக்கொண்டார்.

தெலேசியோ 12 நிறங்களைத் தலைப்பாகக் கொண்டு இலத்தீன் வழக்கைத் தொகுக்கிறார். அவற்றுள் 'கைசியுஸ்' என்பது பெரும்பாலும் கண்ணின் நிறத்துக்கே உரியது. 'புல்லுஸ்' கருங்கம்பளியை ஒட்டிய மங்கிய நிறம்; துக்க ஆடைக்கு உரிய சொல்லாகவும் வழங்கியது. இத்தகைய சொற்களில் நிறத்தை அதனைத் தாங்கும் பொருளிலிருந்து பிரித்தல் அரிது. பெர்லின், கே ஆகியோர் 1969-இல் வகுத்த அடிப்படை நிறச்சொல் இலக்கணமோ, குறுகிய பொருள் வகைக்கு மட்டும் வரும் சொற்களை விலக்கியது. மொழிகளை ஒப்பிடுவோர்க்கு அவ்வரையறை பயன்படலாம். மொழிபெயர்ப்பாளர்க்கு இடர் தருவன அவ்வாறு விலக்கப்பட்ட சொற்களே.

'ஃபெர்ருகினெயுஸ்' என்னும் சொல்லைக் காண்க. இரும்புத் துருவின் பெயரடியாகப் பிறந்த இதனை வெர்ஜில், இறந்தோரை ஆறு கடத்தும் கேரோனின் ஓடத்துக்கும் ஆளுகிறார். ஹயசிந்த் மலருக்கும் ஆளுகிறார். அகராதியை நம்பித் 'துருநிறம்' என எழுதினால் ஓடம் ஒருவாறு தேறும்; மலர் கெடும். இருண்ட நிறம் என்னும் பொதுப்பொருளே ஈரிடத்தும் ஒத்து வருகிறது. ஆகவே இருமொழி அகராதிகள் நிறச்சொல்லுக்கு நேர்ச்சொல் தருவதோடு நில்லாது, அது எப்பெயர்களோடு சேர்ந்து வரும் என்பதையும் காட்டுதல் வேண்டும்.

'ஆட்டெர்' ஒளியற்ற கருமை. 'நிகெர்' மினுங்கும் கருமை. தமிழில் இரண்டையும் 'கறுப்பு' என்று பெயர்த்தால் இவ்வேறுபாடு மறையும், அடைமொழி இன்றியமையாதது. 'விரிடிஸ்' அத்துணை இடர் தருவதன்று. வெர்ஜில் கேரோனின் தளராத முதுமைக்கும் அச்சொல்லையே ஆளுகிறார். பச்சைத் தண்ணீர், பச்சை உடம்பு என்னும் தொடர்களில் நம் 'பச்சை'யும் நிறத்தைச் சுட்டுவதில்லை. ஆயினும் 'பச்சை முதுமை' என்று எவரும் எழுதார். அவ்விடத்தில் 'வாடா முதுமை' பொருந்தும்.