ஸ்டேன் சுவாமியின் சமூக அறவியல்: ஈகையிலிருந்து உரிமைக்கு

முன்னுரை
திருத்தந்தை 13ஆம் லியோ தொழிலாளர் நிலை குறித்து 1891இல் வெளியிட்ட ‘ரேரும் நோவாரும்’ சுற்றுமடல் முதல் கத்தோலிக்கச் சமூகப் போதனை தொடர்ந்து வளர்ந்து வந்துள்ளது. அப்போதனையைப் பழங்குடியினரின் நிலவுரிமையோடு இணைத்தவர் இயேசு சபைத் துறவி ஸ்டேன் சுவாமி (1937–2021). அவர்தம் அறவியல் இந்திய அரசமைப்பைப் பற்றுக்கோடாகக் கொண்ட முறையை இக்கட்டுரை விளக்குகிறது.

வாழ்வும் பின்புலமும்
திருச்சிராப்பள்ளி மாவட்டம் விரகாலூரில் பிறந்த அவர் 1957இல் இயேசு சபையில் சேர்ந்தார். பிலிப்பைன்சில் சமூகவியல் பயின்றார். 1975 முதல் 1986 வரை பெங்களூரு இந்திய சமூக நிறுவனத்தின் இயக்குநராக இருந்தார். நம்பிக்கைப் பணியையும் நீதிப் பணியையும் பிரிக்க இயலாது என இயேசு சபையின் 32ஆம் பொதுப் பேரவை (1974–75) அறிவித்திருந்த காலம் அது. பின்னர் ஜார்க்கண்டைப் பணிக்களமாகக் கொண்டு, ராஞ்சியை அடுத்த நாம்கும் பகுதியில் ‘பகாய்ச்சா’ மையத்தை உருவாக்கினார்.

சட்டத்தின் வழி அறம்
ஈகை பசித்தவர்க்கு உணவளிக்கும். அவர் நிலம் ஏன் பறிபோயிற்று என வினவுவதில்லை. ஸ்டேன் சுவாமி அவ்வினாவையே முதன்மைப்படுத்தினார். அரசமைப்பின் ஐந்தாம் அட்டவணை, கிராம சபைக்கு அதிகாரமளிக்கும் 1996ஆம் ஆண்டுப் ‘பெசா’ சட்டம், பட்டியல் பகுதி நிலங்களைத் தனியார் சுரங்கங்களுக்குக் குத்தகைக்கு விடுவதைத் தடுத்த 1997ஆம் ஆண்டுச் சமதா தீர்ப்பு, 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் ஆகியவை ஏன் நடைமுறைக்கு வரவில்லை என்பதே அவர்தம் விமர்சனத்தின் மையம். சிறு சமூகம் தானே முடிவெடுக்கக்கூடியதை மேலமைப்பு பறித்தலாகாது என்னும் கத்தோலிக்கத் துணைமைக் கோட்பாடு, கிராம சபையின் அதிகாரத்தோடு இங்கு ஒத்திசைகிறது.

இயற்கை வளங்களின் மீதான உரிமையை இழந்தோர் சிறைக்குள் தள்ளப்படுவதை, 102 விசாரணைக் கைதிகளைப் பற்றி 2016இல் வெளியான ஆய்வறிக்கை வழி அவர் வெளிக்கொணர்ந்தார். நீண்டகாலம் விசாரணையின்றிச் சிறையிலிருந்தோருக்காக ஜார்க்கண்ட் உயர் நீதிமன்றத்திலும் வழக்குத் தொடுத்தார்.

முடிவுரை
பீமா கோரேகான் வழக்கில் 08.10.2020 அன்று சட்டவிரோதச் செயல்கள் தடுப்புச் சட்டத்தின்கீழ் அவர் கைதானார், குற்றச்சாட்டுகளை மறுத்தார். பார்க்கின்சன் நோயுற்றிருந்தும் சிறப்பு நீதிமன்றம் பிணை மறுத்தது. உயர் நீதிமன்றத்தில் பிணை மனு நிலுவையிலிருக்க, 05.07.2021 அன்று மும்பை மருத்துவமனை ஒன்றில், விசாரணை தொடங்கும் முன்பே, தம் 84ஆம் அகவையில் காலமானார். யாருடைய நிலையை ஆய்ந்தாரோ அவர்களுள் ஒருவராகவே அவர் மறைந்தார். சட்டம் இயற்றப்படுவதோடு நீதி நிறைவுறுவதில்லை; சட்டத்துக்கும் நடைமுறைக்கும் இடையிலான இடைவெளியே அறவியலின் பணிக்களம் என்பதை அவர்தம் சிந்தனை உணர்த்துகிறது.