விண்டோஸ் விளையாட்டுக்களும் லினக்ஸ் இயங்குதளமும்

கலைப்படைப்பு ஒன்று, அது பதிந்துள்ள பொருள் அழியினும் அழியும். அப்பொருளைப் படித்தற்குரிய கருவி மறையினும் அழியும். கணினி விளையாட்டுக்களுக்கு இவ்விரண்டாவது கேடே பெரிதாகும். பெருநிறுவனங்களைச் சாராது ஒருவரோ இருவரோ ஆக்கிய, பாத்திரமேற்று ஆடும் விளையாட்டுக்கள் பல விண்டோஸுக்கென்றே அமைந்தவை. கிக்கியாமா என்னும் புனைபெயரினர் 2004இல் யப்பானிய மொழியில் வெளியிட்ட 'யுமே நிக்கி' அத்தகையது. அதனைத் திறந்த மூல இயங்குதளமாகிய லினக்ஸில் ஆடுதல் எங்ஙனம்?

இதற்கு இரு வழிகள் உள. முதலாவது, 1993இல் தொடங்கப்பெற்ற 'வைன்' என்னும் மென்பொருள். இது விண்டோஸ் கணினியொன்றைப் போலியாக அமைப்பதன்று. விளையாட்டின் கட்டளைகளைச் செயலி நேராகவே நிறைவேற்றும். 'சாளரம் திற', 'கோப்பினைத் தா' என விளையாட்டு விண்டோஸை நோக்கி விடுக்கும் வேண்டுகோள்களை மாத்திரம் வைன் ஏற்று, லினக்ஸ் அறியும் வடிவில் மாற்றிக் கொடுக்கும். இரு மொழி வல்ல துபாஷி போன்றது அது. டைரக்ட்3டி வரைகலைக் கட்டளைகளை வல்கன் கட்டளைகளாக மாற்றும் 'டிஎக்ஸ்விகே' இதற்குத் துணை. இவற்றை ஒருங்கிணைத்து வால்வ் நிறுவனம் 2018 ஓகஸ்டில் வெளியிட்டதே 'புரோட்டன்' ஆகும்.

இரண்டாவது, விளையாட்டை இயக்கும் நிரலையே புதிதாக எழுதுதல். யுமே நிக்கி 'ஆர்.பி.ஜி. மேக்கர் 2003' என்னும் கருவியால் ஆனது. அதன் படம், இசை, நிகழ்ச்சிக் கட்டளை யாவும் தனித்தனிக் கோப்புக்களாய் உள்ளன. 'ஈசிஆர்பிஜி' என்னும் திறந்த மூல மென்பொருள் அவற்றைத் தானே படித்து விளையாட்டை நடத்தும். விண்டோஸ் நிரல் வேண்டுவதில்லை. ஆயின், இவ்வழி அக்கருவியாலும் அதன் 2000 பதிப்பாலும் ஆனவற்றுக்கே பொருந்தும். வைனின் எல்லையோ விரிந்தது.

புதியோர் பெரிதும் இடர்ப்படுவது எழுத்துக் குறியீட்டிலாம். பழைய யப்பானிய விளையாட்டுக்களின் கோப்புப் பெயர்கள் பெரும்பாலும் 'ஷிப்ட்-ஜிஸ்' முறையின. லினக்ஸ் பொதுவாக யூனிக்கோட்டைக் கொள்வது. பொதியை விரிக்கும்போது குறியீட்டைச் சுட்டாவிடின் பெயர்கள் சிதையும். விளையாட்டுத் தன் படத்தையே காணாது நின்றுவிடும். இதனை வைனின் குறையென்பர் சிலர். அன்று, விரித்த முறையின் குறையே.

விண்டோஸ் இருக்க இம்முயற்சி எற்றுக்கு எனின், கூறுதும். விண்டோஸ் 10இன் பொது ஆதரவு 2025 ஒக்டோபரில் முடிவுற்றது. அதனை இயக்கிய கணினிகள் பல விண்டோஸ் 11இன் தகுதிகளுக்கு உட்படா. தனியொருவரின் படைப்பு நிலைத்தல் ஒரு நிறுவனத்தின் வணிகக் கணக்கைச் சார்ந்து நிற்பது நன்றன்று. வைனின் மூலமும் ஈசிஆர்பிஜியின் மூலமும் யாவர்க்கும் திறந்துள்ளன. இன்று திருத்துவோர் ஓயினும் நாளை பிறரொருவர் தொடரலாம். படைத்தவர்க்குப் பின்னும் படைப்பு வாழ்தற்கு உரிய வழி அதுவேயாம்.